மூத்தவன் எலும்பு

மெலிஸுக்கு வெளிநாட்டில் பரிசு கிடைத்த சேதி மலைக் கிராமமான கோக்-ஜாருக்கு வந்தபோது சத்தர்குல் தொழுவத்தில் சாணி வாரிக்கொண்டிருந்தான். அவன் மனைவி புருல் செய்தித்தாளைத் தூக்கிக்கொண்டு ஓடி வந்தாள். மெலிஸ் அவளுடைய ஒரே தம்பி. ஏதோ ஏரிக்கரைப் பட்டணத்தில் கண்ணாடியால் செய்த மான் ஒன்றை அவனுக்குக் கொடுத்திருந்தார்கள். புகைப்படத்தில் அதை மார்போடு அணைத்துக்கொண்டு, அப்போதுதான் பிள்ளை பெற்றவள்போல நின்றான்.

"பன்முகக் கலைஞர்னு போட்டிருக்கு," என்று புருல் விரலை வைத்து வாசித்தாள். "யார் தயவும் இல்லாம தனியா நின்னு படம் எடுக்கறவராம்."

"தனியா நின்னானாமா," என்றான் சத்தர்குல். "இருபது வருஷமா அவன் ஏறின ஜீப் என்னுது. தின்ன ரொட்டி உன்னுது. ஓட்டின குதிரையெல்லாம் ஊர்க்காரனுது. அவனுக்குன்னு இருந்தது அந்தக் கறுப்புக் கண்ணாடி ஒண்ணுதான். அதுவும் எவனோ பஸ்ஸில விட்டுட்டுப் போனது."

"என் தம்பி நல்லா இருந்தா உங்களுக்கு வயிறு எரியும்."

"அத விடு. எந்தப் படத்துக்குக் குடுத்தாங்க?"

புருல் தாளை மடித்தாள். அதிலேயே அவனுக்குத் தெரிந்துவிட்டது.

"எங்கண்ணன் அழறது அதுல இருக்கா?"

"அதுக்குத்தான் பரிசே குடுத்தாங்களாம்," என்றாள் புருல், தரையைப் பார்த்தபடி.

சத்தர்குல் கவிழ்த்து வைத்த வாளியின்மேல் உட்கார்ந்துவிட்டான். கணவாய்க்கு அந்தப் பக்கம் இருக்கும் அவன் அண்ணன் ஒரோசாலி, போன இலையுதிர்காலத்தில் ஆள் விட்டுச் சொல்லி அனுப்பிய சொல் காதில் அப்படியே இருந்தது. 'நான் அழுததை நம்ம ஜனம் துணி கட்டிப் படமாப் பார்த்துச்சுன்னா, நான் செத்தா அவன் என் குழியில ஒரு பிடி மண்ணு போட வரவேண்டாம். அவன் செத்தா நானும் வரமாட்டேன். ஒருதரம் வந்தது போதும்.'

அண்ணனுக்கு எழுபத்தொன்று. தம்பிக்கு அறுபத்தைந்து. இந்த வயதில் மனிதனுக்குப் பாக்கி இருப்பது அந்த ஒரு பிடி மண்தான். அதுவும் இப்போது மெலிஸின் கையில் மாட்டிக்கொண்டது.

மெலிஸின் பெருமையை முதலிலிருந்து சொன்னால்தான் இந்த வினை எங்கே முளைத்தது என்று தெரியும்.

சோவியத் ஆட்சி கவிழ்ந்த வருஷம், ஊரெல்லாம் மாவுக்கு அலைந்தபோது, அவன் அம்மாவின் கறவை மாட்டை நாரின் பட்டணத்துச் சந்தைக்கு ஓட்டிப்போய் விற்று, தோளில் வைத்துப் பிடிக்கும் கேமரா ஒன்றை வாங்கி வந்தான். அன்றோடு அந்த வீட்டில் பால் நின்றது. கல்யாணம் கல்யாணமாகப் போய்ப் படம் பிடித்தான். பெண்ணின் முகம் ரோஜாப்பூவுக்குள் போகும், இதயத்துக்குள்ளிருந்து வெளியே வரும். ஒரு கல்யாணத்தில் மாப்பிள்ளையின் தாத்தா அன்னப்பறவையின் வாலுக்கடியிலிருந்து வந்தார். கிழவர் அதைப் பார்த்துவிட்டு மூன்று நாள் யாரோடும் பேசவில்லை.

பிறகு பாட்டுக்காரிகளுக்குப் படம் எடுத்தான். பிறகு சிரிப்புப் படம். அதில் சிரித்தவன் அவன் ஒருவன்தான். பிறகு சரித்திரப் படம். பன்னிரண்டு குதிரைகளை ஒரே மலையைச் சுற்றி எட்டுத்தரம் ஓடவிட்டு, நூறு குதிரைப் படை என்றான். முன்னால் போன சிவப்புக் குதிரைக்கு ஒரு காது அறுந்திருந்தது. ஒற்றைக் காதுக் குதிரைகள் எட்டு வைத்திருந்த ராஜா யாரடா என்று ஊரில் கேட்டார்கள். பிறகு பேய்ப்படம். பேய் வேறு யாருமில்லை, புருலின் ரோமக் கோட்டு. தேர்தல் வந்தபோது மூன்று கட்சிக்கும் படம் எடுத்தான். மூன்றிலும் ஒரே கிழவி வந்து, இவர்தான் என் பிள்ளை என்று ஆசீர்வாதம் செய்தாள். கை கழுவுவது எப்படி என்று சுகாதாரத்துறைக்கு ஒரு படம் எடுத்தான். அது ஒன்றுதான் யாருக்காவது உபயோகப்பட்டது.

இத்தனையிலும் ஜீப் ஓட்டியவன் சத்தர்குல். ஆள் குறைந்தால் அவனையே நிறுத்துவான். ஒன்பது படத்தில் செத்திருக்கிறான். இரண்டில் அம்பு, ஒன்றில் விஷம், மற்றதில் என்ன காரணமென்று அவனுக்கும் சொல்லவில்லை.

"சாவறதுல உங்களை அடிச்சிக்க ஆள் இல்ல அத்தான்," என்பான் மெலிஸ். "இன்னொரு தடவை சாவுங்க. இந்தப் பக்கம் வெளிச்சம் நல்லா இருக்கு."

இன்னொரு தடவை. அவன் வாயில் அந்தச் சொல்தான் எப்போதும். அந்தச் சொல்லால்தான் சத்தர்குல் தன் அண்ணனை இழந்தான்.

பன்னிரண்டு வருஷத்துக்கு முன்னால், தகப்பனார் போய் ஒரு வருஷம் முடிந்ததும் ஊரைக் கூட்டி விருந்து வைத்தார்கள். ஆட்டை அறுத்தால் எந்த எலும்பு யாருக்கு என்பதில் அங்கே யாரும் விளையாடுவதில்லை. இடுப்பெலும்பு மூத்தவனுக்கு. சின்னவன் தன் கையால் தட்டில் வைத்துக் கொண்டுபோய் வைக்க வேண்டும். சத்தர்குல் அப்படித்தான் வைத்தான். ஒரோசாலி தட்டைப் பார்த்துத் தலையசைத்தார். தகப்பன் போனபிறகு இவர்தான் இனி வீட்டுக்குப் பெரியவர் என்று ஊரறிய ஆனது அந்த நொடியில்தான்.

"ஐயோ அத்தான், டேப் ஓடல," என்றான் மெலிஸ், கேமராவைத் தட்டிக்கொண்டே. "இன்னொரு தடவை. அந்த மாவட்டத்து ஐயா பக்கத்துல வைங்க. அவர் முகம் படத்துக்கு எடுப்பா இருக்கும். சும்மா வச்சிட்டு எடுத்துடலாம்."

சத்தர்குல் என்ன நினைத்தான் என்று இன்றுவரை அவனுக்கே தெரியாது. அதிகாரியைப் பார்த்த கூச்சமோ, கேமராவைப் பார்த்த மயக்கமோ. அண்ணன் முன்னால் வைத்த எலும்பைத் தன் கையாலேயே எடுத்து, தொப்பை தள்ளிய அந்த அதிகாரியின் முன்னால் வைத்தான். அதிகாரி படத்துக்குத்தான் என்று தெரியாமல் கத்தியை எடுத்து அறுத்துத் தின்றே விட்டான்.

ஒரோசாலி கத்தவில்லை. இரண்டு கையையும் நீட்டினார். தண்ணீர் ஊற்றினார்கள். கழுவித் துடைத்துக்கொண்டு, எழுந்து குதிரையேறிப் போனார். அவர் வாயில் ஒரு துண்டு இறைச்சி படவில்லை.

டேப்பில் எல்லாம் சுத்தமாக விழுந்திருந்தது. மெலிஸ் அதற்குப் பின்னால் அன்னப்பறவை பறக்கவிட்டிருந்தான்.

ஒரு வருஷம், இரண்டு வருஷம் என்று போய்ப் பதினோரு வருஷம் ஆயிற்று. சத்தர்குல் முதலில் இரண்டுதரம் கணவாயைத் தாண்டிப் போனான். அண்ணன் வீட்டு நாய்கள் மட்டும்தான் வெளியே வந்தன.

இதற்கிடையில் மெலிஸுக்கு ஞானம் பிறந்தது. எங்கிருந்தோ வந்த ஒரு வெள்ளைக்காரி அவனுடைய கல்யாணப் படம் ஒன்றைப் பார்த்து, பேச்சில்லாத இடங்கள் அருமை என்று சொல்லிவிட்டுப் போனாளாம். பேச்சில்லாத இடம் என்பது மைக் கெட்டுப்போன இடம். அது அவளுக்குத் தெரியாது. அன்றிலிருந்து அவன் படங்களில் யாரும் பேசுவதில்லை. குதிரை மெல்லும். புகை போகும். கிழவன் மலையைப் பார்ப்பான். மலையும் கிழவனைப் பார்க்கும். ஒன்றரை மணி நேரம் கழித்து விளக்கைப் போடுவார்கள்.

போன இலையுதிர்காலத்தில் அவன் சாமான்களோடு வந்து இறங்கி, "அத்தான், இந்தத் தடவை நீங்கதான் கதாநாயகன்," என்றான்.

"என்ன பண்ணணும்?"

"செத்துக் கிடக்கணும். படம் முழுக்க."

வீட்டுக்குப் பக்கத்தில் சாவுக்கூடாரம் கட்ட வேண்டும் என்றான். கம்பளிக் கூடாரத்தில் பிணத்தைத் திரைக்குப் பின்னால் கிடத்தி, உள்ளே பெண்கள் ஒப்பாரி வைக்க, வெளியே ஆண்கள் இடுப்பில் கச்சை கட்டிக்கொண்டு கோலை ஊன்றிக் கூடாரத்தைப் பார்த்து நின்று அழும் சடங்கை அப்படியே எடுக்கப்போவதாகச் சொன்னான். சத்தர்குல் உடனே சொன்னான்: "டேய், கூடாரத்தைப் பார்த்தா வழியில போறவன் நிஜம்னு நம்பிடுவான். அந்த அழுகை காதுல விழுந்தா எவனும் தாண்டிப் போகமாட்டான். சுத்துவட்டார ஊருக்கெல்லாம் முன்னாடியே சொல்லிடு."

"சொல்லியாச்சு அத்தான். அதெல்லாம் நான் பார்த்துப்பேன்."

சொல்லவில்லை. கோக்-ஜார் ஆட்களுக்கு மட்டும் தெரியும், அவர்கள்தானே அழ நின்றவர்கள். கணவாய்க்கு அந்தப் பக்கம் யாருக்கும் தெரியாது. நிலக்கரி லாரிக்காரன் ஒருவன் ரோட்டிலிருந்து கூடாரத்தையும் கோலூன்றிய ஆட்களையும் பார்த்தான். இறங்கி வந்து அழ அவனுக்கு நேரமில்லை. போகிற வழியில் ஒரோசாலி வீட்டின் முன்னால் வண்டியை நிறுத்தி, உங்க தம்பி போயிட்டார் போலிருக்கே பெரியவரே, என்று சொல்லிவிட்டுப் போனான்.

இரண்டாம் நாள் மத்தியானம். சத்தர்குல் கூடாரத்துக்குள் வெள்ளைத் துணிக்கடியில் மல்லாந்து கிடந்தான். திரையின் ஓரத்தில் மெலிஸ் கேமராவோடு குந்தியிருந்தான். புருலும் நாலு பெண்களும் முதுகைக் காட்டி உட்கார்ந்து, மத்தியானச் சாப்பாட்டைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தார்கள். அப்போது மேட்டின் மேலிருந்து அந்தக் குரல் வந்தது.

"ஈரலே, என் ஈரக்குலையே."

கூடப் பிறந்தவனுக்கு அழும்போது அங்கே அப்படித்தான் கூப்பிடுவார்கள். குதிரை நாலுகால் பாய்ச்சலில் இறங்கியது. சேணத்தில் ஒரு கிழவர் இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் ஆடிக்கொண்டே வந்தார். சேணத்தின் முன்னால் காலைக் கட்டிய ஆடு ஒன்று கிடந்தது. வெளியே நின்ற ஆண்கள் இது மெலிஸ் ஏற்பாடு என்று நினைத்துக்கொண்டு, கூடவே சத்தமாக அழ ஆரம்பித்தார்கள். இறக்கிவிட்டபோதுதான் முகத்தைப் பார்த்தார்கள். பார்த்தபின் யாருக்கு வாய் வரும்.

உள்ளே கிடந்தவனுக்கு முதல் எழுத்திலேயே தெரிந்துவிட்டது. எழுந்திருக்கப் போனான். மெலிஸ் திரைப்பக்கமிருந்து உள்ளங்கையைக் கீழே அமுக்கிக் காட்டினான். படுங்க. சத்தர்குல் படுத்தான்.

மெலிஸ் சொன்னதால்தான் படுத்தேன் என்று பின்னால் புருலிடம் சொன்னான். பொய். பதினோரு வருஷமாகக் கேட்காத குரல். இன்னும் கொஞ்சம் கேட்க ஆசைப்பட்டான். அந்த ஆசைக்காகக் கிழவரை அழவிட்டான்.

ஒரோசாலி தவழ்ந்து உள்ளே வந்தார். திரையின் அடியில் தலையை வைத்தார்.

"ஒரு எலும்புடா. ஒரு ஆட்டெலும்புக்காகப் பதினோரு வருஷம் உன் வாசலை மிதிக்கல. நீ வந்தப்பல்லாம் கதவுக்குப் பின்னாடி நின்னேன். மேட்டுல நின்னு உன் வீட்டுப் புகையைப் பார்த்துட்டுத் திரும்பிப் போயிருக்கேன். ஒருதரமா, ரெண்டுதரமா. மூத்தவன்டா நான். எனக்கு எதுக்குடா அந்த எலும்பு."

பெண்கள் ஒப்பாரியை மறந்துவிட்டார்கள். புருல் வாயைப் பொத்திக்கொண்டு தம்பியைப் பார்த்தாள். அவன் கேமராவை மெல்ல நகர்த்திக் கிழவரின் காதோரம் கொண்டுபோனான்.

ஒரோசாலி திரையை விலக்கி, தம்பியின் காலைப் பிடித்தார். கால் சூடாக இருந்தது. சத்தர்குல்லுக்குச் சின்ன வயதிலிருந்தே உள்ளங்காலில் கூச்சம். கால் வெடுக்கென்று இழுத்துக்கொண்டது.

கிழவர் பின்னால் நகர்ந்து உட்கார்ந்தார். காலைப் பார்த்தார். துணிக்கடியிலிருந்து எட்டிப்பார்த்த தம்பியின் முகத்தைப் பார்த்தார். பிறகு கேமராவை.

"பிரமாதம்ணே," என்று கிசுகிசுத்தான் மெலிஸ். அவன் கண்ணும் கலங்கித்தான் இருந்தது, அதையும் சொல்லவேண்டும். "ஒரே ஒரு தடவை. மேட்டுலருந்து மறுபடி வாங்க. குதிரை வரும்போது ஆடு மறைச்சிடுச்சு."

ஒரோசாலி கம்பளித் தொப்பியை எடுத்துத் தலையில் வைத்தார். தம்பி 'அண்ணே' என்றான், அது அவர் காதில் விழுந்ததாகத் தெரியவில்லை. வெளியே போய்க் குதிரையேறினார். இந்தமுறை பாய்ச்சல் இல்லை. மேடு முழுக்க நடையாகவே போனார்.

ஆட்டை மட்டும் விட்டுவிட்டுப் போனார். செத்தவனுக்கென்று கொண்டுவந்ததை யாரும் திருப்பிக் கொண்டுபோவதில்லை. அதாவது அவர் கணக்கில் தம்பி செத்தான்.

நாலாம் நாள்தான் அந்தச் சொல் வந்தது, ஒரு பிடி மண்ணைப் பற்றி.

அந்த ஆடு ஒரு தனி இம்சை. அறுத்துத் தின்றால் தன் சாவுச்சோற்றைத் தானே தின்றதாகும். திருப்பி அனுப்பினால் இரண்டாவது அவமானம். சத்தர்குல் அதை வேலியோரம் கட்டித் தீனி போட்டான். அது ராஜாபோல அசைபோட்டுக்கொண்டு, தினமும் காலையில் அவனைப் பார்த்து ஒருதரம் கத்தும்.

பரிசுச் சேதி வந்து இரண்டு வாரம் கழித்து மெலிஸ் வந்தான், புதுக் கோட்டு, பழைய கறுப்புக் கண்ணாடி. மாவட்டத்துக்காரர்கள் அவனுக்கு மேலங்கி போர்த்தி மரியாதை செய்யப்போகிறார்களாம். ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் ஊர் மன்றத்தில் படத்தையும் காட்டப்போகிறார்களாம்.

சத்தர்குல் அவனை அடுப்பங்கரைக்கு இழுத்துப்போய் உட்காரவைத்தான்.

"எங்கண்ணன் வர இடத்தை வெட்டு."

"அத்தான், அதுதான் படமே. அதை வெட்டினா குதிரை மெல்றது மட்டும்தான் மிச்சம்."

"மெல்லட்டும். இத்தனை வருஷமா அதத்தானே காட்டுறே."

"உலகம் பூரா பார்த்திடுச்சே. இங்க மட்டும் மறைச்சு என்ன?"

"உலகத்துல எவனுக்கு எங்கண்ணனைத் தெரியும்? இங்க இருக்கறவங்க நாளைக்குச் சந்தையில அவர் முகத்தைப் பார்த்துப் பேசணும். எலும்புக்காக அழுத கிழவர்னு கை காட்டுவாங்க. அதுக்கப்புறம் எனக்கு அண்ணன் இல்ல. உனக்கு ஜீப் இல்ல, ரொட்டி இல்ல, அக்கா வீடும் இல்ல."

மெலிஸ் புருலைப் பார்த்தான். அவள் தேத்தண்ணீரை அவன் முன்னால் வைக்காமல் கையிலேயே வைத்துக்கொண்டிருந்தாள்.

"சரி," என்றான். "நம்ம ஊருக்குத் தனியா ஒண்ணு வெட்டி எடுத்துட்டு வரேன்."

"ரொட்டியைத் தொட்டுச் சொல்லு."

மெலிஸ் ரொட்டியின்மேல் கையை வைத்து, பொய் சொன்னால் இந்த ரொட்டி என்னை அடிக்கட்டும் என்றான். அதற்குப் பிறகுதான் புருல் கிண்ணத்தை வைத்தாள்.

சனிக்கிழமை புருல் கணவாய் தாண்டிப் போனாள். கணவனின் அண்ணன் முன்னால் தலையை நிமிர்த்தாமல், பேரைச் சொல்லாமல், வாசலில் நின்றே சொன்னாள்: "மாமா, படத்துல நீங்க இல்ல. என் தம்பி ரொட்டியைத் தொட்டிருக்கான். நம்பலேன்னா நீங்களே வந்து பாருங்க. பார்க்காம இருந்தா ஊர் ஆயிரம் சொல்லும்."

ஒரோசாலி கடிவாளத்துக்கு எண்ணெய் போட்டுக்கொண்டிருந்தாராம்.

ஞாயிற்றுக்கிழமை மன்றத்து ஜன்னல்களில் போர்வைகளை ஆணியடித்து இருட்டாக்கினார்கள். பள்ளிக்கூடத்திலிருந்து கொண்டுவந்த படம் காட்டும் கருவி மேசைமேல் இருந்தது. எதிரே இரண்டு படுக்கை விரிப்பைச் சேர்த்துத் தைத்துக் கட்டியிருந்தார்கள். மாவட்டத்து ஆள் ஒருவன் மெலிஸுக்கு மேலங்கி போர்த்தி, நம் மண்ணின் மௌனத்தை உலகுக்குக் கேட்கச் செய்தவர் என்று முக்கால் மணி நேரம் பேசினான். சத்தர்குல்லையும் முதல் வரிசையில் உட்காரவைத்திருந்தார்கள். செத்தவன் என்ற மரியாதை.

விளக்கை அணைக்கும் நேரத்தில் கதவு திறந்தது. ஒரோசாலி உள்ளே வந்து கடைசி வரிசையில், கதவோரமாக, தொப்பியைக் கழற்றாமல் உட்கார்ந்தார்.

படம் தொடங்கியது. குதிரை மென்றது.

"அது நம்ம ஜூமாவோட குதிரை," என்றது ஒரு குரல்.

"தெரியுது. எப்ப முழுங்கும்?"

புகை போனது. கூடாரத்தைக் கட்டினார்கள். சத்தர்குல் துணிக்கடியில் கிடந்தான். நல்லா இருக்கார், உயிரோட இருக்கும்போது இவ்வளவு லட்சணம் இல்ல, என்று யாரோ சொல்ல, சபை சிரித்தது. சத்தர்குல்லும் கொஞ்சம் சிரித்தான். இன்னும் கொஞ்ச நேரம், பிறகு முடிந்துவிடும், அண்ணனிடம் போய் நிற்கலாம் என்று நினைத்தான்.

துணியில் மேடு வந்தது. மேட்டின்மேல் ஒரு கறுப்புப் புள்ளி.

சத்தர்குல் மெலிஸைத் திரும்பிப் பார்த்தான். மெலிஸ் தன் செருப்பைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

தப்பான படத்தட்டைக் கொண்டுவந்துவிட்டேன், வெட்டியது தலைநகர் பிஷ்கேக்கில் மேசைமேலேயே இருக்கிறது என்று பின்னால் சத்தியம் செய்தான், அதுவும் ரொட்டியைத் தொட்டு. அந்த ரொட்டி எத்தனை பேரைத்தான் அடிக்கும்.

புள்ளி பெரிதாகிக் குதிரையாயிற்று. சத்தர்குல் எழுந்தான். கருவிக்கும் துணிக்கும் நடுவில் போய், சபையைப் பார்த்து நின்றான். தன் மேலங்கியின் இரண்டு பக்கத்தையும் பிடித்து, கோழி குஞ்சை மூடுவதுபோல அகல விரித்தான். பின்னால் துணியில் அவன் நிழல் பெரிய கறுப்புக் கூடாரமாக விழுந்து, குதிரையையும் கிழவரையும் மூடியது. வெளிச்சம் கண்ணைக் குத்தியது. எதிரில் ஒரு முகமும் தெரியவில்லை.

"அத்தான், என்ன பண்றீங்க, நகருங்க," என்றான் மெலிஸ்.

"இருபது வருஷம் நீ சொன்ன இடத்துல நின்னேன். இன்னிக்கு நான் நிக்கற இடம் இது."

முகத்தை மறைக்க முடிந்தது. குரலை எதைக்கொண்டு போர்த்துவது. 'ஈரலே, என் ஈரக்குலையே' என்று அவன் முதுகுக்குப் பின்னாலிருந்து அண்ணன் அழுதார். எலும்பைச் சொன்னார். கதவுக்குப் பின்னால் நின்றதைச் சொன்னார். வீட்டுப் புகையைச் சொன்னார். மூன்றாம் வரிசையில் ஒரு கிழவர், நிஜச் சாவு என்ற பழக்கத்தில், பிரார்த்தனை முடிக்கிற மாதிரி இரண்டு கையாலும் முகத்தைத் தடவிக்கொண்டார். சத்தர்குல்லின் கைகள் வலித்தன. இறக்கவில்லை. இதோ கதவு சாத்தும் சத்தம் கேட்கும், அதோடு முடிந்தது என்று காத்திருந்தான்.

கடைசி வரிசையிலிருந்து குரல் வந்தது. உயிருள்ள குரல்.

"டேய். உட்காருடா. எனக்கு மறைக்குது."

பன்னிரண்டு வருஷத்தில் உயிரோடிருக்கும் தம்பியிடம் அண்ணன் பேசிய முதல் பேச்சு அது. சத்தர்குல்லின் கை தானாக இறங்கியது. ஆனால் உட்காரும் இடம் மறந்துபோய், அங்கேயே தரையில் உட்கார்ந்துவிட்டான். ஓரத்தில் மெலிஸ் கைப்பேசியை உயர்த்திப் பிடித்து அதையும் எடுத்துக்கொண்டிருந்தான்.

விளக்குப் போட்டபின் ஒரோசாலி கதவோரத்தில் நின்றார். கூட்டம் அவரைத் தொடாமல் விலகிப் போனது. சத்தர்குல் எதிரே போய் நின்றான்.

"அந்த ஆடு?" என்றார்.

"இருக்கு."

"இன்னுமா?"

"அறுக்கவும் முடியல, அனுப்பவும் முடியல."

"தின்னே தீர்த்திருப்பேன்னு நினைச்சேன்." கிழவர் தொப்பியைச் சரிசெய்தார். "அறு."

அன்று சாயங்காலமே அறுத்தார்கள். வீட்டில் மூன்று ஆண்களும் புருலும் மட்டும். மெலிஸைக் கூப்பிடவில்லை, அவனாக வந்தான். புது மேலங்கியைக்கூடக் கழற்றவில்லை. வந்ததும் ஜன்னலோரமாகப் போய்க் கைப்பேசியை உயர்த்தினான். சத்தர்குல் இடுப்பெலும்பைத் தட்டில் வைத்துக்கொண்டு அடுப்பங்கரையிலிருந்து வந்தான். அண்ணன் முன்னால் குனிந்து வைத்தான்.

"அத்தான்," என்றான் மெலிஸ் மெல்ல, "ஆவி பறக்கறது சரியா விழல. இன்னொரு..."

சத்தர்குல் நிமிர்ந்தான். மூலையிலிருந்த தண்ணீர்க் கெண்டியை எடுத்து மெலிஸின் ஒரு கையில் கொடுத்தான். பித்தளைத் தட்டை எடுத்து இன்னொரு கையில் கொடுத்தான். கைப்பேசியைத் தானே வாங்கி மாவுப் பானைக்குள் போட்டு மூடினான். விருந்தில் கைக்குத் தண்ணீர் ஊற்றுவது இருப்பவர்களில் சின்னவன் வேலை. இருபது வருஷமாகக் கேமராவைச் சாக்கு வைத்து அவன் அதிலிருந்து தப்பித்திருந்தான்.

"ஊத்து," என்றாள் புருல்.

கண்ணாடி மான் வாங்கியவன் குனிந்து ஊற்றினான். ஒரோசாலி நிதானமாக, ஒவ்வொரு விரலாகக் கழுவினார். துண்டில் துடைத்துக்கொண்டு கத்தியை எடுத்து அறுத்து, ஒரு துண்டை வாயில் போட்டு வெகுநேரம் மென்றார்.

"கிழட்டு ஆடாயிடுச்சு," என்றார்.

"ஒரு வருஷம் உட்கார வச்சுத் தீனி போட்டேன்," என்றான் சத்தர்குல்.

"தெரியுது." இன்னொரு துண்டை அறுத்துத் தம்பி பக்கம் நீட்டினார். பிறகு கெண்டியோடு நின்றவனைப் பார்த்து, "நான் திரையை விலக்கின உடனே படம் வேற எங்கேயோ போயிடுச்சே. இவன் கால் ஆடுச்சே, அது எங்க?" என்றார்.

"அதை வெட்டிட்டேன்ணே," என்றான் மெலிஸ். "சோகம் கெட்டுடும்."

"உருப்படியா இருந்தது அது ஒண்ணுதான்," என்றார் ஒரோசாலி. "இன்னும் கொஞ்சம் தண்ணி ஊத்து. கொழுப்பு போகல."